மூன்றாம் துளையின் மெழுகு

பிரீது தோருபில் என்கிற தோல்பை வாத்தியத்தை முதன்முதலாக ஊதிய அன்று, எல்லைக் காவல் படையின் நாய் ஒன்று கடமையை மறந்து கடலில் இறங்கி மேற்கே நீந்தத் தொடங்கிவிட்டது என்று தீவில் சொல்வார்கள். மேற்கே இருப்பது ஸ்வீடன். நாயைத் திருப்பிக் கொண்டுவரப் படகு வேண்டும். படகை அவிழ்க்க மூன்று கையெழுத்து வேண்டும். மூன்றாவது கையெழுத்து விழுவதற்குள் நாயே களைத்துப்போய்த் திரும்பி வந்து, அறிக்கை எழுதுகிற மேசைக்கு அடியில் படுத்துக்கொண்டது. இதில் பொய் ஒன்றும் இல்லை. நாயின் நிறத்தைப் பற்றி மட்டும் இரண்டு கருத்து உண்டு.

அந்த ஊதல் சத்தம் கரையில் இருந்த மீன் புகைபோடும் கொட்டகைக்கும் வந்தது. ஹெர்மீனே அங்கே ராய்ம் மீன்களின் கண்வழியே கம்பியைச் செருகிக் கோத்துக்கொண்டிருந்தாள். கம்பிக்கு முப்பது மீன். மீன்பிடிக் கூட்டுப்பண்ணையில் அவளைவிட வேகமாகக் கோக்கிறவர்கள் யாரும் இல்லை. பதினேழாவது மீனில் அவள் கை நின்றது.

ஊதுவது அவள் புருஷன் என்பது அவளுக்குத் தெரியும். ஊதுகிற மெட்டு அவளுடைய அப்பா தாவெத்துடையது; கல்யாண வீட்டில் மணப்பெண்ணை வண்டியிலிருந்து இறக்கும்போது ஊதுகிற மெட்டு. குளிர்காலம் முழுவதும் அடுப்படியில் உட்கார்ந்து அவள்தான் அதை முனகி முனகிப் பிரீதுவுக்கு ஏற்றிவிட்டிருந்தாள். எல்லாம் சரியாகத்தான் வந்தது. ஒரே ஓர் இடத்தில், தாவெத்தின் மெட்டு இறங்கி உட்காரவேண்டிய இடத்தில், பிரீதுவின் மெட்டு உட்காரவில்லை. உட்காரப் போகும்போது நாற்காலியை உருவிவிட்டால் ஒரு மனுஷன் எப்படி நிற்பானோ அப்படி அந்தரத்தில் நின்றது.

பக்கத்தில் கோத்துக்கொண்டிருந்த யூலி கேட்டாள்: "என்னடி, உன் கெழவன் ஊதுறான், நீ பேய் அறைஞ்ச மாதிரி நிக்கிற?"

"ஒண்ணுமில்ல. புகை கண்ணுல பட்டுருச்சு."

"அடுப்பே இன்னும் மூட்டல."

ஹெர்மீனே பதினெட்டாவது மீனை எடுத்தாள்.

பிரீது படகுத் தச்சன். அவன் கட்டிய படகுகள் பொங்குகிற கடலில் தாமாகவே வீட்டுக்கு வழி கேட்டு வரும் என்று பெயர் வாங்கியவை. அறுபத்தெட்டாம் வருஷம் கூட்டுப்பண்ணைக்கு இரும்புப் படகுகள் வந்தன. அதற்கப்புறம் பிரீது மீன்பெட்டிக்கு ஆணி அடித்தான். ஆணி அடிக்காத நேரத்தில் குடித்தான். அவன் விழுந்து தூங்கிய பனிக்குவியல்கள் மட்டும் ஒரு வாரம் முன்னதாகவே உருகிவிடும், அந்த இடங்களில்தான் முதல் புல் முளைக்கும் என்று பால்காரி சொல்வாள். ஹெர்மீனே அவனை அந்தக் குவியல்களிலிருந்து கைவண்டியில் ஏற்றி வீடு கொண்டுவந்து சேர்ப்பாள். ஏழு குளிர்காலம் இப்படிப் போனது.

எட்டாவது வருஷம், தீவுக்கு அக்கரையில், பெருநிலத்தில் கட்டிக்கொடுத்த மகள் அவனை ஓர் அருங்காட்சியகத்துக்கு அழைத்துப் போனாள். அங்கே கண்ணாடிப் பெட்டிக்குள் மாமனாரின் தோருபில் இருந்தது. தாவெத் சாவதற்கு இரண்டு வருஷம் முன்னால், பழம்பொருள் சேகரிக்க வந்தவர்களுக்கு ஒரு ஜோடி ரப்பர் பூட்ஸுக்குக் கொடுத்தது. பிரீது பெட்டிக்கு முன்னால் நின்றான். சாத்தும் நேரம் வந்தும் நின்றான். மறுநாள் அளவுகோலும் இடுக்கியும் வாங்கிக்கொண்டு போய், பெட்டியைத் திறக்கச் சொல்லி, மூன்று நாள் அளந்தான். அந்த மூன்று நாளும் குடிக்கவில்லை. நாலாம் நாள் குடிக்க மறந்துபோனான்.

பையில் செருகி விரலால் துளை மூடித் திறக்கிற விரல்குழலுக்கு ஜூனிப்பர் மரம் தீவில் கிடைத்தது. பைக்குத்தான் கஷ்டம். தோருபில்லின் பை, கடல்நாயின் இரைப்பையாக இருக்கவேண்டும். வேறு தோல் வேர்த்துப்போகும். வசந்தத்தில் ஒரு கிழட்டுக் கடல்நாய் பண்ணையின் வலையில் மாட்டிச் செத்தது. சுட்டதா, அடித்ததா என்று மேலிடம் கேட்கும் என்பதால், 'முதுமையினால், அமைதியாக' என்று வலைத்தலைவன் பதிவேட்டில் எழுதினான். இரைப்பையைப் பதின்மூன்று தண்ணீரில் அலசியது ஹெர்மீனே. ஊதி, வாயைக் கட்டி, அடுப்புக்கு மேலே தொங்கவிட்டார்கள். அந்த மாதம் வீட்டுக்கு வந்த ஒரே விருந்தாளி, சளி பிடித்திருந்த தபால்காரர்.

காவல் நாய் நீந்திய அன்று மத்தியானம் பிரீது கொட்டகை வாசலில் வந்து நின்றான். முகம் சிவந்திருந்தது.

"என்ன கெழவி, கேட்டுச்சா?"

"நாய்க்கே கேட்டுருக்கு. எனக்குக் கேக்காதா?"

"எப்படி இருந்துச்சு?"

"பை நல்லா காத்துப் பிடிக்குது."

"பையக் கேக்கல. மெட்டக் கேட்டேன்."

ஹெர்மீனே கையைத் துடைத்துக்கொண்டாள். "நடுவுல ஒரு எடத்துல ஏறி நிக்குது பிரீது. மூணாவது விரல் தூக்குற எடம். எங்கப்பா ஊதுறப்ப அது கீழ எறங்கி உக்காரும்."

"பெட்டில கெடக்குற உங்கப்பா குழல மயிரிழை மாறாம அளந்துருக்கேன்."

"குழல் சரிதான். சத்தந்தான் சரியில்ல."

"பசு சரிதான், பால்தான் ஆட்டுப்பாலுங்கிற."

"ஆமா. அப்படித்தான் இருக்கு."

அவன் சிரித்துவிட்டுப் போனான். சந்தோஷமாக இருக்கிற மனுஷன் எதையும் சிரித்துத் தாண்டிவிடுவான். அவன் அப்படிச் சிரித்து ஏழெட்டு வருஷமாயிற்று என்று ஹெர்மீனேவும் பேசாமல் விட்டுவிட்டாள்.

அந்தக் கோடையில் தலைநகரத்திலிருந்து முனைவர் கல்யோ வந்தார். மெலிந்த மனுஷர், சூட்கேஸ் அளவு ஒலிப்பதிவுப் பெட்டியோடு. பிரீது ஊதினான். மூன்றாவது விரலைத் தூக்கியதும் முனைவர் கண்ணை மூடிக்கொண்டார். திறந்தபோது கண்ணில் நீர்.

"மாஸ்டர், இது அழுகைக்கும் சிரிப்புக்கும் நடுவுல நிக்கிற சுரம். பியானோல இதுக்கு எடமே கெடையாது. ஆயிரம் வருசத்துக்கு முந்தினது. எங்கயுமே இல்ல, உங்க தீவுல மட்டும் பொழச்சுக் கெடந்துருக்கு."

பிரீதுவை அதுவரை யாரும் மாஸ்டர் என்று கூப்பிட்டதில்லை. படகு கட்டிய காலத்திலும் 'ஏய் பிரீது' தான். அன்று அவன் முதுகு இரண்டு அங்குலம் நிமிர்ந்தது. கோட்டின் கைகள் மேலேறிவிட்டதை ஹெர்மீனே பார்த்தாள்.

முனைவர் அந்தச் சுரத்துக்குத் 'தீவுச் சுரம்' என்று பெயர் வைத்துக் கட்டுரை எழுதினார். பண்ணையின் கலாசார மன்றம் ஆறு தோருபில் கேட்டது. ஆறு பேர் குழு, அடுத்த வருஷம் நடுக்கோடை விழாவில் அரங்கேற்றம். பிரீது அதே அளவில் ஆறு குழல் கடைந்தான், ஆறு பேருக்கும் சொல்லிக்கொடுத்தான். குடித்தவன் மூச்சு சீவாளியைக் கெடுக்கும் என்று அவர்களுக்கும் குடிக்கத் தடை போட்டான். அந்த வருஷம் கடையில் வோட்கா தேங்கிப்போய், கடைக்காரியிடம் மாவட்டத்திலிருந்து விளக்கம் கேட்டார்கள்.

ஆகஸ்டில் ஒருநாள் யூலி தன் தேன்கூட்டிலிருந்து ஒரு துண்டு வெட்டிக் கொட்டகைக்குக் கொண்டுவந்தாள். கறுப்பு ரொட்டியும் புளித்த பாலும் சாப்பிட்டு முடித்துவிட்டு, ஹெர்மீனே தேனடையை வாயில் போட்டாள். தேன் போயிற்று. மெழுகு நின்றது. அதை மென்றாள். மென்றுகொண்டே இருந்தாள்.

"துப்புடி, முழுங்கிறாத," என்றாள் யூலி.

ஹெர்மீனே துப்பவில்லை. தாடைக்கு ஏதோ தெரிந்திருந்தது. தலைக்கு இன்னும் வரவில்லை. அப்புறம் வந்தது. எட்டு வயது. கல்யாண வீட்டு முற்றம். அப்பா பையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, விரல்குழலைப் பிடித்தபடி, இன்னொரு கையை அவள் முகத்துக்கு நேரே நீட்டுகிறார். அவள் வாயிலிருந்த மெழுகை அந்த உள்ளங்கையில் துப்புகிறாள். அவர் பட்டாணி அளவு கிள்ளி மூன்றாம் துளையின் மேல் விளிம்பில் அப்புகிறார், ஊதிப் பார்க்கிறார், கட்டைவிரல் நகத்தால் கொஞ்சம் சுரண்டுகிறார். மறுபடியும் ஊதுகிறார். மரம் கோடையில் ஒரு மாதிரி, அடுப்புச் சூட்டில் ஒரு மாதிரி. அதனால் துளையைப் பெரிதாகவே விட்டுவிட்டு, அந்தந்த நாளுக்கு அந்தந்த மெழுகு. எல்லாக் கல்யாணத்துக்கும் அவளை வண்டியில் முன்னால் ஏற்றிக்கொண்டது எதற்கு என்று இத்தனை நாள் அவள் யோசித்ததில்லை. செல்லம் என்று நினைத்திருந்தாள்.

"யூலி, எங்கப்பா குழல்ல மெழுகு வச்சிருந்தாருடி. அந்தக் கண்ணாடிப் பெட்டிக்குப் போனப்புறம் எவளோ அழுக்குன்னு நெனச்சுச் சுரண்டிட்டா."

"சுத்தமான பொம்பளையா இருப்பா போல."

"அந்த அழுக்குதான்டி மெட்டு."

வேலை முடியும்வரை அவள் காத்திருக்கவில்லை. கம்பியைப் போட்டுவிட்டு, வாயில் மெழுகோடு வீட்டுக்கு நடந்தாள். பிரீது பட்டறையில் சீவாளி சீவிக்கொண்டிருந்தான். அவள் ஒன்றும் பேசாமல் குழலைப் பிடுங்கி, மூன்றாம் துளையின் மேல் விளிம்பில் மெழுகை அப்பி, நகத்தால் ஒதுக்கிவிட்டுக் கொடுத்தாள்.

"என்ன பண்ற நீ? அது கண்காட்சி அளவு..."

"ஊது."

"கெழவி..."

"ஊதுடா."

அவன் ஊதினான். மணப்பெண்ணை இறக்கும் மெட்டு. மூன்றாவது விரலைத் தூக்கினான். மெட்டு இறங்கி உட்கார்ந்தது. அவ்வளவு சுத்தமாக உட்கார்ந்ததால் பிரீது திடுக்கிட்டுக் கக்கத்தைத் தளர்த்திவிட்டான். பை முனகிக்கொண்டே அடங்கியது. ஹெர்மீனே கதவு நிலையைப் பிடித்துக்கொண்டாள். நாற்பது வருஷம் கழித்து அப்பா முற்றத்தில் இருந்தார்.

பையை மடியில் போட்டுக்கொண்டு பிரீது சொன்னான்: "சை. இதுதான்."

"இதுதான்."

"நான் தச்சன்டி. எனக்குத் தோணிருக்கணும். அந்தத் துளை மட்டும் அவ்வளவு பெருசா எதுக்குன்னு அளக்குறப்பவே யோசிச்சேன். உங்கிட்ட கேக்கல." அவன் குழலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். "முனைவரு அக்டோபர்ல வர்றாரு. புத்தகம் அச்சுக்குப் போகுதாம். சொல்லிருவோம்."

"நீ சொல்லுவியா?"

"நான் சொல்லாம?"

அந்த இரண்டு மாதமும் ஹெர்மீனே வேலையிடத்தில் அந்த மெட்டை முனகிக்கொண்டே மீன் கோத்தாள். யூலிக்குச் சலித்துப்போனது. குழு பயிற்சி செய்கிற மெட்டும் இவள் முனகுகிற மெட்டும் ஒரே இடத்தில் முட்டிக்கொள்கின்றன, நடுவில் தன் காது நசுங்குகிறது என்றாள்.

முனைவர் வந்தார். ஹெர்மீனே புகைபோட்ட தட்டை மீனும் உருளைக்கிழங்கும் வைத்தாள். அவர் இரண்டாம் முறை வாங்கிச் சாப்பிடும்வரை பொறுத்திருந்து, பிறகு மெழுகைப் பற்றிச் சொன்னாள். எட்டு வயது, உள்ளங்கை, நகம் எல்லாவற்றையும் சொன்னாள்.

முனைவர் முள்ளை ஒதுக்கினார். "அம்மா, உங்க வீட்ல எத்தன வருசமா ரேடியோ இருக்கு?"

"முப்பது வருசம் இருக்கும்."

"அதுல பியானோ வருமா?"

"வரும். அணைச்சிருவேன்."

"நீங்க அணைக்கிறதுக்குள்ள காது பழகிரும்மா. இது உங்க தப்பில்ல, நான் போற ஊர்லல்லாம் இப்படித்தான். வயசானவங்க பழைய மெட்டையெல்லாம் அவங்களுக்கே தெரியாம ரேடியோவுக்கு ஏத்த மாதிரி திருத்தி வச்சிருக்காங்க. மனுசன் ஞாபகம் திருத்தும். மரம் திருத்தாது."

"மரத்த ஒருத்தி சுரண்டிட்டாளே!"

"அதுக்குச் சாட்சி இல்லியேம்மா."

"நான் இருக்கேன். என் வாய்ல மென்னு குடுத்தேன்."

முனைவர் கெட்டவர் இல்லை. கரண்டியைக் கீழே வைத்துவிட்டுப் பிரீதுவின் பக்கம் திரும்பினார். "மாஸ்டர், நீங்க மெழுகு வச்சு ஊதிப் பாத்தீங்களா? குழலச் செஞ்சவரு நீங்க. ஏதோ இருக்குன்னு நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க, நாளைக்கே அச்சகத்துக்குத் தந்தி அடிச்சு நிறுத்திடுறேன். எல்லாத்தையும் முதல்லருந்து பாப்போம்."

ஹெர்மீனே பிரீதுவைப் பார்த்தாள். பிரீது தட்டைப் பார்த்தான். ஜன்னலுக்கு வெளியே பட்டறைச் சுவரில் ஆறு குழல்கள் வரிசையாகத் தொங்கின. ஏழாவதுக்கு மரம் வெட்டிக் கிடந்தது; ஃபின்லாந்திலிருந்து கேட்டு எழுதியிருந்தார்கள்.

"பாத்தேன்," என்றான் பிரீது. "ரெண்டும் ஒண்ணாத்தான் கேட்டுச்சு." தண்ணீர் குடித்தான். "கெழவிக்குக் கொஞ்ச நாளா காது மந்தம்."

முனைவர் அவளைப் பரிவோடு பார்த்தார். பிறகு சற்று உரக்க, ஒவ்வொரு சொல்லாக நிறுத்திச் சொன்னார்: "மீன் - ரொம்ப - நல்லா - இருந்துச்சும்மா."

ஹெர்மீனே எழுந்து தட்டுகளை எடுத்தாள்.

மறுநாள் இருவரும் விறகு அடுக்கினார்கள். லெப்ப மரத்து விறகு, புகைக்கு ஆகிற சிவப்பு விறகு. அவன் பிளந்து போட, அவள் அடுக்கினாள். அரைச் சுவர் எழும்பியது.

"ஏழு வருசம் குடிச்ச," என்றாள் அவள். "பனில கெடந்த. அன்னிக்குக்கூட நீ எங்கிட்ட பொய் சொன்னதில்ல. குடிச்சியான்னு கேட்டா குடிச்சேம்ப."

அவன் கோடரியை ஊன்றி நின்றான்.

"நீ என்னைய என்ன பண்ணச் சொல்ற ஹெர்மீனே? அவரு தந்தி அடிச்சாருன்னா நாளைக்கு நான் யாரு? தப்பாச் செஞ்ச ஆறு குழலு, அதத் தப்பாக் கத்துக்கிட்ட ஆறு பேரு. சிரிப்பானுங்க. இந்தத் தீவுல சிரிக்க ஆரம்பிச்சா மூணு தலமுறைக்கு நிறுத்த மாட்டானுங்க. மறுபடியும் பெட்டிக்கு ஆணி அடிக்கப் போகணும்."

"ஒரு பட்டாணி மெழுகுடா. ஆறு குழலுக்கு ஆறு பட்டாணி."

"அத அவரு கட்டுரை எழுதுறதுக்கு முந்தி சொல்லிருக்கணும்."

"முந்தியே சொன்னேன். கொட்டகை வாசல்ல. நீ சிரிச்ச."

அவன் கோடரியைச் சாய்த்துவிட்டு முற்றத்தைத் தாண்டிக் கடை இருக்கிற திசையைப் பார்த்தான். பார்த்தான், அவ்வளவுதான்; ஓர் அடி எடுத்து வைக்கவில்லை. ஆனால் ஏழு குளிர்காலம் கைவண்டி தள்ளியவளுக்கு அந்தப் பார்வை தெரியும். அவள் குனிந்து அடுத்த கட்டையை எடுத்தாள்.

"பிளந்து போடு," என்றாள். "மழை வருது."

அதற்கப்புறம் அவள் அந்தப் பேச்சை எடுக்கவில்லை. யாரிடமும் எடுக்கவில்லை. புத்தகம் வந்தது. நூற்றுப் பதினான்காம் பக்கத்தில் தீவுச் சுரத்துக்குப் படம் போட்டிருந்தார்கள். முதல் பக்கத்தில், 'பைக்காரர் தாவெத்தின் நினைவுக்கு' என்று இருந்தது.

நடுக்கோடை விழா அன்று புல்வெளி நிறைந்திருந்தது. விழா ஊஞ்சலை நிறுத்திவிட்டு ஜனங்கள் வந்து நின்றார்கள். முன்வரிசையில் தனியாக ஒரு நாற்காலி போட்டு, பைக்காரர் தாவெத்தின் மகள் என்று ஹெர்மீனேவை உட்காரவைத்து, மடியில் பூங்கொத்து வைத்தார்கள். ஆறு பேர், நடுவில் பிரீது, வெள்ளைச் சட்டையில். ஏழு பை ஒரே நேரத்தில் நிரம்பியது. மணப்பெண்ணை இறக்கும் மெட்டு. மூன்றாவது விரல்கள் ஒன்றாக எழுந்தன. மெட்டு உட்காரவேண்டிய இடத்தில் ஏழு நாற்காலிகள் ஒன்றாக உருவப்பட்டன. கூட்டம் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றது. உண்மையைச் சொல்வதென்றால், ஜனங்களுக்குப் பிடித்திருந்தது. சில பேர் அழுதார்கள்.

முடிந்ததும் வானொலிக்காரப் பெண் ஒலிவாங்கியை ஹெர்மீனேவின் முகத்துக்கு நேரே நீட்டினாள். ஒலிபெருக்கியில் எல்லாருக்கும் கேட்டது.

"அம்மா, உங்க அப்பா இன்னிக்கு இங்க இருந்து இதக் கேட்டிருந்தா என்ன செஞ்சிருப்பாரு?"

ஹெர்மீனே கொஞ்சம் யோசித்தாள். பிரீதுவின் பக்கம் பார்க்கவில்லை.

"எழுந்து போயிருப்பாரு," என்றாள்.

புல்வெளி குலுங்கச் சிரித்தது.

"போயி?" என்றாள் அந்தப் பெண், சிரிப்பை அடக்கிக்கொண்டு.

"வீட்டுக்குப் போயிக் கதவச் சாத்திருப்பாரு. நான் நெசமாத்தான் சொல்றேன்."

இன்னும் பெரிய சிரிப்பு. தீவுக்காரர்கள் பொய்யையும் இதே முகத்தோடுதான் சொல்வார்கள். அதனால் நிஜத்துக்கு என்று தனியாக ஒரு முகம் அவர்களிடம் மிச்சமில்லை. பெருநிலத்துக்காரர்களுக்கு அதுவே தீவின் தனி ருசி. முனைவர் கல்யோ கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "பாத்தீங்களா, இந்த நகைச்சுவையும் அதே பழசு," என்று பக்கத்திலிருந்தவரிடம் சொன்னார். எல்லாரையும்விட உரக்கச் சிரித்தவன் பிரீது. வயிற்றைப் பிடித்துக்கொண்டு, நெற்றி நரம்பு புடைக்க, மற்றவர்கள் நிறுத்திய பிறகும் சிரித்தான். வானொலி அந்தத் துண்டை அந்தக் கோடையில் நான்கு முறை போட்டது. கேட்ட ஒவ்வொரு முறையும் ஹெர்மீனே ரேடியோவை அணைத்தாள். அணைப்பதற்குள் மெட்டு வந்துவிடும்.

பிரீது குடிக்கவில்லை. அதையும் சொல்லவேண்டும். பதினோரு குழல் செய்தான். ஃபின்லாந்துக்குப் போய்வந்தான், அவளுக்கு ஒரு காப்பிப் பாத்திரம் வாங்கிவந்தான். குழுவைப் பார்த்து மாவட்டத்தில் இன்னும் இரண்டு குழு கிளம்பியது. பள்ளிக்கூடத்திலும் சொல்லிக்கொடுத்தார்கள். பேருந்தில், பால் வரிசையில், வலை காயப்போடும் இடத்தில் என்று எல்லார் வாயிலும் அந்த மெட்டுதான் கிடந்தது.

நவம்பரில் ஒருநாள் கொட்டகையில் புகை நன்றாகப் பிடித்திருந்தது. வெளியே ஈரப்பனி. ஹெர்மீனே மீன் கோத்தபடி மணப்பெண்ணை இறக்கும் மெட்டை முனகினாள். நெடுநாளாக முனகவில்லை, கை வேகத்துக்கு அதுவாக வந்தது.

யூலி தலையைத் தூக்கினாள். "அப்பாடா. இப்பதான்டி ஒனக்குச் சரியா வருது."

ஹெர்மீனேவின் கம்பி பாதியில் நின்றது. ஆரம்பத்திலிருந்து மறுபடியும் முனகினாள், மெதுவாக, ஒவ்வொரு படியாகக் காலை வைத்து. அந்த இடத்துக்கு வந்தாள். குரல் ஏறி நின்றது. இன்னொரு முறை. கண்ணை மூடிக்கொண்டு, முற்றத்தை நினைத்து, வண்டியை நினைத்து, அந்த உள்ளங்கையை நினைத்து முனகினாள். உள்ளங்கை வந்தது. நகம் வந்தது. மெட்டு அந்தரத்தில் நின்றது.

நாலாவது முறை அவள் ஆரம்பிக்கவில்லை.

"ஏன்டி நிறுத்திட்ட?" என்றாள் யூலி. "நல்லாத்தானே வந்துச்சு."

"முடிஞ்சுபோச்சு," என்று சொல்லிவிட்டு ஹெர்மீனே அடுத்த மீனை எடுத்தாள்.